அமிர்தகழியிற் பிறந்த இயக்குநரும் திரைப்படப் பின்னணி இசையும்

மட்டக்களப்பு நகருக்கு வடக்கே, வாவியின் கரையைத் தழுவிக் கிடக்கும் ஊர் அமிர்தகழி. அங்கு கோயில் கொண்டுள்ள மாமாங்கேசுவரரையும், ஆடி அமாவாசையன்று அத்தீர்த்தக் குளத்தில் நீராடத் திரளும் மக்கள் வெள்ளத்தையும் அறியாதார் கீழ்மாகாணத்தில் இல்லை. அவ்வூரிலே 1939ஆம் ஆண்டு மே மாதம் 20ஆம் நாள் பிறந்த மகேந்திரன் என்பார், பிற்காலத்திற் பாலு மகேந்திரா என்னும் பெயரால் இந்தியத் திரைப்பட உலகில் முன்னணி ஒளிப்பதிவாளராகவும் இயக்குநராகவும் விளங்கினார். அவரைப் பற்றி எழுதினோர் பெரும்பாலும் ஒளியைப் பற்றியே எழுதினர். இயற்கை ஒளியை அவர் கையாண்ட முறையும், காலை வெயிலையும் பனிப்புகாரையும் படச்சுருளிற் பிடித்த திறனும் பலவாறாகப் பேசப்பட்டுள்ளன. ஆயின் அவருடைய படங்களைக் கண்களை மூடிக்கொண்டு கேட்டாலும் அவை அவருடையனவே என்பது புலனாகும். திரைப்படத்துக்கு இசையமைத்தல் என்னும் கலை தமிழிலே வளர்ந்த வரலாற்றில் அவருக்கு உரிய இடம் யாது என்பது இன்னும் உரியவாறு எடை போடப்படவில்லை. இசைக்கருவி ஒன்றினாலே பெயர் பெறாத ஒருவருக்கு இசை வரலாற்றில் இடம் உண்டோ எனின், உண்டு என்பதே விடை.

மட்டக்களப்பார் செவிச்செல்வம் நிறைந்தவர். வாவியிலே பாடும் மீன் உண்டென்பது இந்நாட்டின் பழம்பெருமை. அவ்வொலியைக் கேட்க விழைவோர் நிலாக்காலத்து இரவிலே தோணியை நிறுத்தி, பேச்சை நிறுத்தி, துடுப்பை நீரிலே இறக்கி, அதன் மறுமுனையைக் காதோடு பொருத்துதல் வேண்டும். அது மெல்லோசை. இதற்கு நேர்மாறானது நம் கூத்து. வட்டக்களரியிலே இரவு முழுதும் அண்ணாவியாரின் மத்தளமும் சல்லரியும் ஓய்வதில்லை. அரசன் வரவுக்கு ஒரு தாளம், அவன் தேவி வரவுக்கு வேறொரு தாளம், படைவீரனுக்கு இன்னொன்று. தாளக்கட்டைக் கேட்ட அளவிலே வருபவர் யாரெனக் களரியைச் சூழ்ந்திருப்போர் அறிவர். பாத்திரம் ஒவ்வொன்றுக்கும் ஓர் இசைக்கூற்றைப் பொருத்தி, அப்பாத்திரம் தோன்றுந்தோறும் அதனை ஒலிப்பித்தல் மேனாட்டு இசைநாடகத்தாரும் திரைப்பட இசையாளரும் கையாளும் உத்தி எனப் பாராட்டப்படுகின்றது. வடமோடி தென்மோடிக் கூத்துக்களை ஆடியும் கண்டும் வளர்ந்த ஓர் ஊரவனுக்கு அது புதுமையன்று.

மட்டக்களப்பு மெதடிஸ்த மத்திய கல்லூரியிலும், பின்னர்ப் புனித மிக்கேல் கல்லூரியிலும் பாலு மகேந்திரா பயின்றார். புனித மிக்கேல் கல்லூரி, யாழ் நூல் இயற்றிய சுவாமி விபுலானந்தரும் இளமையிற் கற்ற இடமாகும். ஒலியைப் பற்றி இவ்விருவரும் கொண்ட ஈடுபாடு முற்றிலும் வேறானது. முன்னவர் மறைந்துபோன ஓர் இசைக்கருவியை ஏடுகளின் துணைகொண்டு மீட்க முயன்றார். பின்னவர் இருக்கின்ற கருவிகளை எப்பொழுது நிறுத்துவது என்பதை அறிந்துகொண்டார். ஒரே பள்ளிக்கூடத்தின் மாணாக்கர் என்பதன்றி இருவருக்கும் தொடர்பு காட்டுதல் மிகையாகும். எனினும் இவ்வொற்றுமை மட்டக்களப்பாருக்கு உவகை தருவது.

அவர் மாணவராயிருந்த காலத்திலே, டேவிட் லீன் என்னும் ஆங்கில இயக்குநர் ‘குவாய் நதிப் பாலம்’ என்னும் படத்தை இலங்கையிற் கித்துள்கலைப் பகுதியிலே படமாக்கினார். அப்படம் 1957இல் வெளிவந்தது. பாடசாலைச் சுற்றுலாவின்போது அப்படப்பிடிப்பைக் காண நேர்ந்ததாகவும், இயக்குநர் ‘மழை’ என்று குரல் கொடுத்தவுடன் மழை பெய்ததாகவும், அக்கணமே தாமும் அவ்வாறு ஆக வேண்டுமெனத் தம் உள்ளத்தில் உறுதி பிறந்ததாகவும் அவர் பின்னாளிற் பலமுறை சொன்னதுண்டு. சிறுவன் கண்டது செயற்கை மழையை. அதே படத்துக்கு மால்கம் ஆர்னோல்டு அமைத்த இசையை அவன் அங்கு கேட்டிருக்க இயலாது. அவ்விசை ஒஸ்கார் பரிசு பெற்றது. அதிற் போர்க்கைதிகள் சீழ்க்கையடித்து நடைபோடும் மெட்டு உலகெங்கும் பரவிற்று. படப்பிடிப்பைக் காண்போர் எவரும் படத்தின் இசையைக் காண்பதில்லை. ஆரவாரமெல்லாம் அடங்கி, நடிகர் கலைந்து, படச்சுருள் வெட்டி ஒட்டப்பட்ட பின்னரே, இருண்ட கூடம் ஒன்றிலே அது பிறக்கின்றது.

படிப்பு முடிந்தபின் கொழும்பிலே அரசாங்கப் பணியில் வரைவாளராக அமர்ந்த அவர், ‘தேனருவி’ என்னும் இலக்கிய ஏட்டை நடத்தினார். இலங்கை வானொலி நாடகங்களிலும் பங்கு கொண்டார். வானொலி நாடகத்தை ஈண்டு சற்று நின்று நோக்குதல் வேண்டும். அங்கே காட்சி இல்லை. கதவு திறக்கும் ஓசை, காலடி, மழை, இடையிடையே இரண்டு நொடி மௌனம் ஆகிய இவற்றைக் கொண்டே ஒரு வீட்டையும் அதன் மாந்தரையும் கேட்போர் மனத்தில் எழுப்ப வேண்டும். இப்பயிற்சி அவருடைய பிற்காலப் படங்களின் ஒலியமைப்பிற் பயன்பட்டது எனக் கருத இடமுண்டு.

இலங்கையிலே அக்காலத்தில் திரைப்பட இசை எந்நிலையில் இருந்தது? முதற் சிங்களப் பேசும் படமாகிய ‘கடவுணு பொறொந்துவ’ 1947ஆம் ஆண்டு சனவரியில் வெளிவந்தது. அதனைத் தயாரித்தவர் எஸ். எம். நாயகம் என்னும் தமிழர். படமாக்கப்பட்ட இடம் மதுரைச் சித்ரகலா மூவிடோன். இசையமைத்தவர் நாராயண ஐயர். நாகர்கோவிலிலிருந்து வந்து கொழும்பிலே தங்கிவிட்ட ஆர். முத்துசாமி பல சிங்களப் படங்களுக்கு இசையமைத்துப் புகழீட்டினார். இறவல் மெட்டுக்களை விடுத்துச் சொந்த மெட்டுக்களை நாடவேண்டும் என்னும் வேட்கையை 1956இல் வெளிவந்த லெஸ்டர் ஜேம்ஸ் பீரிசின் ‘ரேகாவ’விலே, சுனில் சாந்த அமைத்த மெட்டுக்களிற் காண்கிறோம். ஆகவே, கடலைத் தாண்டி இசைஞர் இலங்கைக்கு வந்துகொண்டிருந்த காலத்தில், மட்டக்களப்பான் ஒருவன் எதிர்த்திசையிலே கடல் தாண்டினான். பூனாத் திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்று 1969இல் அவர் தேறினார்.

அவர் சென்று சேர்ந்த தமிழ்த் திரையுலகின் இசைமரபு தனித்தன்மை வாய்ந்தது. 1931ஆம் ஆண்டு அக்டோபர் 31ஆம் நாள் வெளியான ‘காளிதாஸ்’ தொடங்கி, தமிழ்ப் படமென்பது பாட்டுக்களின் கோவையாகவே இருந்தது. தொடக்க காலத்திலே நடிப்பவரே பாடவேண்டும். வாத்தியக்காரர் படக்கருவியின் கண்ணிற் படாத இடத்தில் நின்று உடன் வாசிக்க வேண்டும். 1938இல் ஏவி. மெய்யப்பனின் ‘நந்தகுமார்’ படத்திலே ஒருவர் பாட மற்றொருவர் வாயசைக்கும் முறை தமிழில் முதன்முதல் கையாளப்பட்டது. பாபநாசம் சிவனின் பாட்டும், ஜி. இராமநாதனின் இசையமைப்பும், தியாகராஜ பாகவதரின் குரலும் கூடிய ‘ஹரிதாஸ்’ 1944ஆம் ஆண்டுத் தீபாவளிக்குச் சென்னை பிராட்வே அரங்கில் வெளியாகி, மூன்று தீபாவளிகளைக் கண்டது. மக்கள் கேட்டதும் கொடுத்ததும் பாட்டே. பாட்டுக்கும் பாட்டுக்கும் இடையிலுள்ள இடத்தை நிரப்புவதற்கு ஒலிக்கும் வாத்திய இசை எவராலும் பொருட்படுத்தப்படவில்லை.

இந்நிலைக்கு மாறாக நின்றோர் இருவரைக் குறிப்பிடாமற் போதல் நன்றியின்மையாகும். வீணை வித்துவான் எஸ். பாலசந்தர் இயக்கிய ‘அந்த நாள்’ 1954இல் ஒரு பாட்டுக்கூட இன்றி வெளிவந்தது. 1965இல் ஜெயகாந்தன் தாமே இயக்கிய ‘உன்னைப்போல் ஒருவன்’ படத்துக்கு இசையமைத்தவர் சிட்டிபாபு, அவரும் வீணைக்காரர். பாட்டில்லாத் தமிழ்ப் படத்துக்கு இரு முறையும் வீணைக் கலைஞர் ஒருவரே துணைநின்றமை வியப்பானதொரு பொருத்தம். எழுப்பிய ஒலி முழுதும் தேய்ந்து மறையும்வரை காத்திருக்கும் பொறுமையை அக்கருவி கற்பிக்கின்றது போலும்.

பின்னணி இசை அமைக்கும் தொழில் எவ்வாறு நடைபெறுகின்றது என்பதனைச் சிறிது விளக்குதல் இவ்விடத்துப் பொருந்தும். படச்சுருள் நொடிக்கு 24 சட்டங்கள் வீதம் ஓடுவது. 35 மில்லிமீற்றர் சுருளிலே ஓர் அடிக்கு 16 சட்டங்கள். ஆகவே நிமிடத்துக்கு 90 அடி. ஆயிரம் அடி கொண்ட ஒரு ரீல் ஏறத்தாழப் பதினொரு நிமிடம். சுருள் வழங்கிய காலத்திலே, வெட்டித் தொகுத்த படம் ரீல் ரீலாக ஒலிப்பதிவுக் கூடத்தின் திரையில் ஓட்டிக் காட்டப்படும். இசையமைப்பாளர் அதனைப் பார்த்து, எந்த இடத்தில் இசை தொடங்க வேண்டும், எந்த நொடியில் முடிய வேண்டும் எனக் குறித்துக்கொள்வார். இன்ன பார்வைக்கு இன்ன கருவி என முடிவு செய்வார். பின் வாத்தியக்காரர் அனைவரும் ஒருங்கிருந்து, ஓடும் படத்தோடு இயைய வாசிப்பர். தமிழ்நாட்டுத் திரைத்தொழிலார் இதனை ‘ரீரெக்கார்டிங்’ என்பர். அரை நொடி பிந்தினாலும் அழுகைக்கு வேண்டிய இசை சிரிப்பின் மேல் விழும். பாட்டமைப்பவன் மூன்று நான்கு நிமிடத்துக்கு அரசனாயிருக்கலாம். பின்னணி இசை அமைப்பவனோ மற்றொருவர் வகுத்த காலத்துள் அடங்கி வாழ வேண்டியவன்.

வங்காளத்துச் சத்யஜித் ராய் தம் முதற்படமாகிய ‘பதேர் பாஞ்சாலி’க்கு (1955) ரவிசங்கரை அழைத்தார். சிதார் மேதை ஒரே அமர்வில், ஏறக்குறையப் பதினொரு மணி நேரத்தில் அவ்விசை முழுதையும் பதிவு செய்து கொடுத்தார். ஆயின் 1961இல் வெளிவந்த ‘தீன் கன்யா’ முதல் ராய் தம் படங்களுக்குத் தாமே இசையமைத்துக் கொண்டார். பெருங்கலைஞராகிய இசைவாணரோடு காலத்தையும் கருத்தையும் பங்கிடுதல் அவருக்கு எளிதாயிருக்கவில்லை. ராயைத் தம் வழிகாட்டிகளுள் ஒருவராகக் கொண்ட பாலு மகேந்திரா, இவ்வொரு செய்தியில் அவரைப் பின்பற்றவில்லை. கதை வசனம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, இயக்கம் என்னும் இவற்றையெல்லாம் பெரும்பாலான தம் படங்களிலே தாமே செய்த அவர், இசையை மட்டும் பிறர் கையில் ஒப்படைத்தார். அவ்வாறு ஒப்படைத்தமையைப் பொறுப்பைத் தட்டிக் கழித்ததாகக் கொள்ளலாகாது. இசை எங்கே வேண்டும், எங்கே வேண்டா என்னும் தீர்ப்பைத் தொகுப்பு மேசையிலிருந்தவாறே அவர் முன்கூட்டி எழுதிவிடுவதுண்டு. காட்சி தானே பேசும் இடங்களிலே காற்றும், பறவையும், தெருவோசையும் மட்டுமே அவர் படங்களிற் கேட்கும்.

ராமு காரியட் இயக்கிய ‘நெல்லு’ (1974) என்னும் மலையாளப் படத்தின் ஒளிப்பதிவினால் அவர் பெயர் பெற்றார். அப்படத்தின் இசையமைப்பாளர் சலில் சௌத்ரி. அசாமியத் தேயிலைத் தோட்டங்களிலே, தந்தையார் சேர்த்து வைத்திருந்த மேனாட்டுச் செவ்விசைத் தட்டுக்களைக் கேட்டு வளர்ந்த வங்காளியர் அவர். தோட்டத் தொழிலாளரின் பாட்டையும் மோட்சார்ட்டின் பாட்டையும் ஒருங்கே உள்வாங்கியவர். பாலு மகேந்திரா முதன்முதலாக இயக்கிய கன்னடப் படமாகிய ‘கோகிலா’வுக்கும் (1977), தமிழில் இயக்கிய முதற்படமாகிய ‘அழியாத கோலங்க’ளுக்கும் (1979) அவரே இசையமைத்தார்.

‘அழியாத கோலங்கள்’ ஆற்றங்கரைச் சிற்றூர் ஒன்றிலே மூன்று சிறுவர் பருவமெய்தும் கதை. தம் இளமை நினைவுகளினின்று பிறந்த கதை அது என இயக்குநர் கூறியுள்ளார். எனவே அந்நீரின் பின்னே மட்டக்களப்பின் நீரைக் காணுதல் தவறாகாது. அதிலுள்ள ‘நான் எண்ணும் பொழுது’ என்னும் பாட்டின் மெட்டை, சலில் சௌத்ரி அதற்கு முன்னரே ‘ஆனந்த்’ (1971) என்னும் இந்திப் படத்தில் வழங்கியிருந்தார். ஒருவன் இளமையின் அழியாத நினைவுக்கு வேறொரு கதைக்காகச் செய்த மெட்டுப் பொருந்துமோ என்று வினவுவார் உளர். பொருந்திற்று என்பதே உண்மை. வாவிக்கரைச் சிறுவனின் இளமைக்கு அசாமியத் தேயிலைத் தோட்டத்திற் பிறந்த இசை ஆடையாயிற்று. மத்தளமும் சல்லரியும் அங்கே இல்லை.

1978இல் மகேந்திரன் இயக்கிய ‘முள்ளும் மலரும்’ படத்துக்கு ஒளிப்பதிவு செய்தபோது, அதன் இசையமைப்பாளராகிய இளையராஜாவின் திறனை அவர் அருகிருந்து காண நேர்ந்தது. பண்ணைப்புரம் என்னும் சிற்றூரில் 1943இற் பிறந்து, தமையனார் பாவலர் வரதராசனின் பாட்டுக்குழுவோடு ஊரூராய்த் திரிந்து, சென்னையிலே தன்ராஜ் மாஸ்டரிடம் மேனாட்டு இசையிலக்கணம் கற்று, ஜி. கே. வெங்கடேசுக்கு உதவியாளராயிருந்து, 1976இல் ‘அன்னக்கிளி’யோடு அறிமுகமானவர் அவர். 1980இல் வெளிவந்த ‘மூடுபனி’ இளையராஜாவின் நூறாவது படம். பாலு மகேந்திராவும் அவரும் இயக்குநரும் இசையமைப்பாளருமாக இணைந்த முதற்படமும் அதுவே. அதன்பின் ஏறத்தாழ முப்பத்துமூன்று ஆண்டுகள், மலையாளத்தில் ‘ஓளங்ஙள்’, ‘யாத்ரா’, இந்தியிற் ‘சத்மா’, தமிழில் ‘மறுபடியும்’, ‘வண்ண வண்ணப் பூக்கள்’, ‘சதி லீலாவதி’ என மொழி மாறினும் இக்கூட்டு மாறவில்லை.

இளையராஜாவின் தொழில்முறை பலரும் அறிந்ததே. ரீலை ஒருமுறை ஓட்டிப் பார்த்த அளவில், மேனாட்டு இசைக்குறியீட்டில் ஒவ்வொரு கருவிக்கும் உரிய பகுதியை நேரே தாளில் எழுதிவிடுவார். பியானோவிலோ ஆர்மோனியத்திலோ வாசித்துத் தேடுவதில்லை. அத்தாளைப் படியெடுத்து வாத்தியக்காரருக்கு வழங்க, அவர்கள் பார்த்து வாசிப்பர். இத்தகைய விரைவும் வளமும் உடையவர் எதையும் இசையால் நிரப்பிவிட வல்லவர். நிரப்பிவிடவும் செய்தார் என்பதற்கு அவருடைய ஆயிரத்துக்கு மேற்பட்ட படங்களுள் எடுத்துக்காட்டுக்கள் பல. அத்தகைய வெள்ளத்துக்குக் கரை கட்டிய இயக்குநர் சிலருள் அமிர்தகழியார் ஒருவர்.

1982இல் வெளிவந்த ‘மூன்றாம் பிறை’யைக் காண்க. கண்ணதாசன் 1981 அக்டோபரில் மறைவதற்கு முன் திரைப்படத்துக்கென எழுதிய இறுதிப் பாட்டு ‘கண்ணே கலைமானே’ இப்படத்துக்குரியது. நினைவிழந்து குழந்தையாகிவிட்ட ஒரு பெண்ணை உறங்க வைக்கும் தாலாட்டு அது. மக்கள் இப்படத்தை நினைக்குந்தோறும் அப்பாட்டையே நினைக்கின்றனர். ஆயினும் படத்தின் முடிவிலே, நீலகிரியின் சிறு புகைவண்டி நிலையத்தில், நினைவு மீண்ட அவள் தன்னைப் பேணியவனை அறியாது நோக்க, அவன் மழையில் நனைந்தவாறு குரங்குபோல் ஆடிக்காட்டித் தன்னை நினைவூட்ட முயலும் இடத்திற் பாட்டில்லை. பிழிந்தெடுக்கும் சோகப் பாட்டொன்றை அங்கே வைக்கும் வழக்கம் அன்று தமிழ்த் திரையில் வேரூன்றியிருந்தது. அதனை வையாது விட்டமையே அக்காட்சிக்கு உயிர். இப்படத்துக்காகச் சிறந்த நடிகருக்கான தேசிய விருது கமல்ஹாசனுக்கும், சிறந்த ஒளிப்பதிவாளருக்கான விருது பாலு மகேந்திராவுக்கும் கிடைத்தன.

இவ்வளவு கூறுவதால் அவர் பாட்டை முற்றாக வெறுத்தார் என்று கொள்ளற்க. ‘மூன்றாம் பிறை’யிலேயே, கதைக்கு எவ்வாற்றானும் வேண்டாத ஆட்டப் பாட்டொன்று புகுந்துள்ளது, வணிகர் வற்புறுத்தலுக்கு அவர் இணங்கிய இடங்களுள் அஃதொன்று எனவே தோன்றுகின்றது. 1984இல் எடுத்த பொழுதுபோக்குப் படத்துக்கு ‘நீங்கள் கேட்டவை’ என்று பெயரிட்டார். பெயரிலே ஒரு குத்தல் உண்டு. அதிலுள்ள ‘பிள்ளை நிலா’ என்னும் தாலாட்டு இன்றும் பாடப்படுகின்றது என்பதும் உண்மை. பல படங்களிலே பாட்டை நடிகர் வாயிலிருந்து விலக்கி, காட்சியின் பின்னே ஒலிக்கும் குரலாக ஆக்கினார். பாட்டை நீக்க இயலாதவிடத்து அதனைப் பின்னணி இசையாக மாற்றிக்கொண்டார் என்று இதனை விளக்கலாம்.

1988இல் வெளிவந்த ‘வீடு’ அவர் படங்களுள் தலையாயது. நடுத்தரக் குடும்பத்துப் பெண்ணொருத்தி, முதிய பாட்டனாரோடும் தங்கையோடும் வாழ்பவள், சென்னையிலே ஒரு சிறு வீடு கட்ட முற்படுகின்றாள். ஒப்பந்தக்காரன் ஏய்ப்பு, சீமெந்துத் தட்டுப்பாடு, கடன், அலுவலகங்களுக்கு அலைச்சல் என்பவையே கதை. தம் தாயார் வீடு கட்டப் புகுந்தபோது பட்ட பாட்டையும், அதனால் அவர் முகத்திற் சிரிப்பு மறைந்ததையும் சிறுவயதிற் கண்ட நினைவே இப்படத்தின் வித்து என இயக்குநர் கூறியுள்ளார். சென்னையில் எழுந்த அவ்வீட்டின் அடித்தளம் மட்டக்களப்பில் இடப்பட்டதாகும்.

இப்படத்திற் பாட்டே இல்லை. பின்னணி இசையோ, இப்படத்துக்கென அமைக்கப்பட்டதன்று. 1986இல் இளையராஜா ‘ஹவ் டு நேம் இட்’ என்னும் இசைத்தட்டொன்றை வெளியிட்டிருந்தார். தியாகராச சுவாமிகளுக்கும் ஜெர்மானிய இசைமேதை பாக்குக்கும் காணிக்கையாக்கப்பட்ட அத்தட்டிலே, கர்நாடக இராகங்கள் மேனாட்டு முறையில் ஒன்றோடொன்று பின்னி நடப்பதைக் கேட்கலாம். அதன் தலைமை வயலின் வி. எஸ். நரசிம்மனுடையது. அத்தட்டின் பகுதிகளையே பாலு மகேந்திரா தேர்ந்தெடுத்து ‘வீடு’ படத்தின் காட்சிகளோடு பொருத்தினார். பாட்டனாராக நடித்தவர் பழம்பெரும் நாடக நடிகராகிய சொக்கலிங்க பாகவதர். குடையோடு தனியே புறப்பட்டு, கட்டி முடியாத வீட்டைக் காணச் சென்று, பூசாத சுவரைக் கையாற் தடவிப் பார்க்கும் அவர் நடைக்கு அவ்வயலின் துணைசெய்கின்றது. வசனம் அங்கே வேண்டப்படவில்லை.

ஈண்டு ஒரு தடை எழுப்பப்படலாம். படத்தைக் காணாமலே அமைத்த இசை படத்துக்கு இவ்வளவு பொருந்துமாயின், படத்துக்கு இசையமைத்தல் என்று தனியொரு கலை இருப்பதாகச் சொல்வது எற்றுக்கு? நல்ல தட்டுக்கள் சிலவற்றை வாங்கிப் பொருத்திக்கொண்டாற் போதாதோ? இத்தடை புறக்கணிக்கத் தக்கதன்று. ஆனால் எந்தத் தட்டில் எந்தப் பகுதி, எந்த நொடியிலிருந்து எந்த நொடிவரை, அதற்கு முன்னும் பின்னும் எவ்வளவு மௌனம் என்பவற்றைத் தீர்மானித்தவர் யார் என்று நோக்க வேண்டும். ஸ்வரங்களை எழுதியவர் பண்ணைப்புரத்தார். அவற்றுக்கு இடம் வகுத்தவர் அமிர்தகழியார். ‘வீடு’ படத்தைப் பொறுத்தவரையில் இருவரும் சேர்ந்தே இசையமைப்பாளர் ஆவர். அப்படம் அவ்வாண்டின் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதையும், நாயகியாக நடித்த அர்ச்சனாவுக்குச் சிறந்த நடிகை விருதையும் பெற்றது.

அடுத்து வந்த ‘சந்தியாராகம்’ (1989) இளையராஜாவின் இசையின்றி அமைந்தது. அதன் இசையமைப்பாளர் எல். வைத்தியநாதன். அவருடைய தந்தையார் வி. லட்சுமிநாராயண ஐயர் யாழ்ப்பாணத்தில் இசை பயிற்றியவர். வயலின் மேதைகளாகிய எல். சுப்பிரமணியமும் எல். சங்கரும் உடன்பிறந்தார். 1958ஆம் ஆண்டின் இனக்கலவரத்தின் பின் அக்குடும்பம் யாழ்ப்பாணத்தை விட்டுச் சென்னை மீண்டது. யாழ்ப்பாணத்தை நீங்கிய குடும்பத்து இசைஞரும், மட்டக்களப்பை நீங்கிய இயக்குநரும் சென்னையிலே கூடி, தன் கிராமத்தை விட்டு நகரத்து நெரிசலில் வந்து ஒடுங்கும் ஒரு முதியவரின் கதையைச் செய்தனர் என்பது ஈழத்துக் கலை வரலாற்றிற் பொறிக்கத்தக்கது. இலங்கையைப் பற்றி அப்படத்தில் ஒரு சொல்லும் இல்லை.

வைத்தியநாதன் பாட்டின்றியும் பேச்சின்றியும் படத்தைத் தாங்கவல்ல இசைக்குப் பேர்போனவர். உரையாடலே இல்லாத ‘பேசும் படம்’ (1987) அவர் இசையினாலேயே பேசிற்று. ஆர். கே. நாராயணின் கதைகளைத் தழுவிய ‘மால்குடி டேஸ்’ என்னும் தொலைக்காட்சித் தொடருக்கு அவர் அமைத்த முகப்பிசையை இந்தியாவின் ஒரு தலைமுறை முழுதும் முணுமுணுத்தது. பெரிய திரைக்கும் சின்னத்திரைக்கும் ஒரே தரத்தில் இசையமைப்போர் நம்மவருள் அரியர். கொரிய நாட்டிலே ஜங் ஜே-இல் என்பவர் 2019இல் ‘பரசைட்’ என்னும் திரைப்படத்துக்கும், 2021இல் ‘ஸ்குவிட் கேம்’ என்னும் தொலைக்காட்சித் தொடருக்கும் இசையமைத்து, இரண்டினாலும் உலகப் புகழ் பெற்றார். அங்கே தொடர் என்பதற்காக இசையிற் சிக்கனம் பார்ப்பதில்லை. தமிழ்த் தொலைக்காட்சியிலோ, ஒரு மருமகள் திரும்பிப் பார்த்தால் மூன்று முறை இடி இடிக்கின்றது. 2000ஆம் ஆண்டிலே சன் தொலைக்காட்சிக்காகச் சிறுகதைகளைக் ‘கதை நேரம்’ என்னும் வரிசையாகப் படமாக்கிய பாலு மகேந்திரா, அவ்விடியோசையைத் தம் வாயிலுக்குள் விடவில்லை.

அவர் ஈழத்தைப் பற்றி ஒரு படம் செய்யவில்லை. இதனைக் குறையாகச் சொல்வோர் மட்டக்களப்பிலும் உளர். புலம்பெயர்ந்த நாடுகளிலும் உளர். இசையைப் பொறுத்த அளவில் அக்குறை வேறொரு வடிவில் நிற்கின்றது. 1960களிலே பேராசிரியர் சு. வித்தியானந்தன் பேராதனைப் பல்கலைக்கழக மாணாக்கரைக் கொண்டு ‘கர்ணன் போர்’, ‘நொண்டி நாடகம்’, ‘இராவணேசன்’ முதலியவற்றை மேடையேற்றி, மட்டக்களப்புக் கூத்தின் தாளக்கட்டை நகர மேடைக்குக் கொணர்ந்தார். அத்தாளம் திரைப்படத்தில் எவ்வாறு ஒலிக்கும் என்பதனை ஆராய ஒருவர் இருந்திருப்பாராயின் அது அமிர்தகழியில் தோன்றிய இவரே. அவர் மனம் அத்திசையிற் செல்லவில்லை. இரவு முழுதும் ஓயாத மத்தளத்தை அவர் விட்டுச் சென்றார். துடுப்பின் முனையைக் காதில் வைத்துக் கேட்கும் பழக்கத்தை மட்டும் உடன்கொண்டு போனார்.

2013ஆம் ஆண்டு இறுதியில் வெளிவந்த ‘தலைமுறைகள்’ அவருடைய கடைசிப் படம். தமிழறியாப் பேரனுக்கும் பிடிவாதக்காரப் பாட்டனாருக்கும் இடையே ஊறும் பாசமே கதை. பாட்டனாராக அவரே நடித்தார். பாட்டு இல்லை, இளையராஜாவின் இசை மிகச் சில இடங்களிலே, மிகக் குறைவாக ஒலிக்கின்றது. 2014ஆம் ஆண்டு பெப்ரவரி 13ஆம் நாள் பாலு மகேந்திரா சென்னையிற் காலமானார். அதன்பின் அப்படத்துக்குத் தேசிய ஒருமைப்பாட்டுக்கான நர்கிஸ் தத் விருது வழங்கப்பட்டது.

இந்திய அரசின் தேசிய விருதுகளிலே இசையமைப்புக்கான பரிசு நெடுங்காலம் ஒன்றாகவே இருந்தது. பாட்டுக்கும் பின்னணி இசைக்கும் தனித்தனியே பரிசளிக்கும் முறை 2009ஆம் ஆண்டுப் படங்களிலிருந்தே நிலைபெற்றது. பின்னணி இசைக்கான அவ்வாண்டுப் பரிசைப் ‘பழசிராஜா’ என்னும் மலையாளப் படத்துக்காக இளையராஜா பெற்றார். ஆறாண்டு கழித்து அவருக்கு அப்பரிசு மறுபடியும் கிடைத்தது ‘தாரை தப்பட்டை’க்காக. பறையும் தவிலும் நாகசுரமும் முழங்கும் அப்படம் இளையராஜாவின் ஆயிரமாவது படம் என அறிவிக்கப்பட்டு 2016 சனவரியில் வெளிவந்தது. நூறாவதை இயக்கியவர் பாலு மகேந்திரா. ஆயிரமாவதை இயக்கிய பாலா, அவரிடம் உதவியாளராயிருந்து தொழில் கற்றவர்.